கோனோடொண்ட்: பல் மட்டும் விட்டுச்சென்ற விலங்கு, கேள்விகளும் பதில்களும்

வெள்ளவத்தையில் எங்கள் வீட்டு முன்னறையில் சனிக்கிழமை பின்னேரங்களில் உயர்தர உயிரியல் மாணவர்கள் ஏழெட்டுப் பேர் கூடுவார்கள். அது ரியூசன் வகுப்பு இல்லை. பாடத்திட்டத்துக்கு வெளியே கிடப்பதைப் பேசுவதற்கென்று ஒதுக்கிய நேரம். போன தவணை விடுமுறையில் நான்கு வாரம் நாங்கள் பேசியது ஒரே விஷயம்தான்: கோனோடொண்ட் என்ற அழிந்துபோன கடல் விலங்கை எந்தக் கூட்டத்தில் சேர்ப்பது? பிள்ளைகள் கேட்டதையும், கூட்டிப்போக வந்த பெற்றோர் கேட்டதையும் ஒரு கொப்பியில் எழுதி வைத்திருந்தேன். அவற்றுக்கு ஆறுதலாக எழுதிய பதில்கள் இவை.

ரீச்சர், கோனோடொண்ட் என்றால் என்ன? சுருக்கமாகச் சொல்லுங்கள்.

சுமார் 50 கோடி ஆண்டுகளுக்கு முன்பிலிருந்து 20 கோடி ஆண்டுகளுக்கு முன்பு வரை கடலில் வாழ்ந்த, விலாங்கு மாதிரி நீண்ட உடல் கொண்ட சிறு விலங்குகள். தாடை இல்லை, உடலுக்குள் எலும்புச் சட்டகம் இல்லை. கடினமாக இருந்தது வாய்க்குள் இருந்த பற்கள் மட்டும். அதனால் கல்லில் மிஞ்சியதும் பெரும்பாலும் அவைதான். கூம்பு, பல் என்று பொருள்படும் இரண்டு கிரேக்கச் சொற்களைச் சேர்த்து வைத்த பெயர். முதலில் அது பல்லுக்கு மட்டுமே பெயராக இருந்தது. விலங்கு கிடைத்த பிறகு விலங்குக்கும் அதுவே பெயராகிவிட்டது.

வெறும் கண்ணால் பார்க்க முடியுமா?

முடியும், ஆனால் எதைப் பார்க்கிறோம் என்று தெரியாது. என் சிநேகிதி ஒருத்தி ஜேர்மனியிலிருந்து வந்தபோது ஒரு தட்டு கொண்டுவந்து தந்தாள். விரல் நீளக் கறுப்பு மட்டை, நடுவில் ஒரு குழி, மேலே கண்ணாடி. குழிக்குள் ஒன்பது துணுக்குகள் ஒட்டியிருக்கின்றன. சும்மா பார்த்தால் சீனி மணியை உடைத்துப் போட்டது போலத்தான் இருக்கும். பெரும்பாலான கோனோடொண்ட் பற்கள் 0.2 மில்லிமீற்றரிலிருந்து 2 மில்லிமீற்றர் வரைதான்.

இரவல் வாங்கிய நுணுக்குக்காட்டியின் கீழே அதை வைத்தோம். மட்டை ஒளி விடாது என்பதால் கைபேசி விளக்கைப் பக்கத்தில் சரித்துப் பிடிக்க வேண்டியிருந்தது. அப்போது தெரிந்தது. ஒன்று தேன் நிறத்தில் வளைந்த கொக்கி. ஒன்று நீளமான தண்டில் வரிசையாகக் கூர் எழுந்து நிற்பது. ஒரு பிள்ளை பார்த்தவுடனே "பேன் சீப்பு" என்றாள். இன்னொன்று தட்டையாக, மேலே மேடும் பள்ளமுமாக, எங்கள் கடைவாய்ப்பல்லைச் சின்னதாக்கியது மாதிரி. ஓரங்கள் ஒளி ஊடுருவிக் கண்ணாடிபோல மின்னின. கூரின் உள்ளே மட்டும் பால் கலந்தது போல ஒரு வெண்மை. ஆய்வாளர்கள் அதற்கு வைத்திருக்கும் பெயரும் "வெள்ளைப் பொருள்" என்பதுதான். ஒன்பது துணுக்கையும் எல்லோரும் பார்த்து முடிக்க ஒன்றரை மணித்தியாலம் ஆனது. ஒருவரும் வீட்டுக்குப் போக வேண்டும் என்று சொல்லவில்லை.

இவற்றை முதலில் கண்டவர் யார்?

கிறிஸ்டியன் பாண்டர். 1794இல் ரீகாவில் பிறந்தவர். உயிரியல் மாணவர்களுக்கு அவரை இன்னொரு வகையிலும் தெரிந்திருக்க வேண்டும்: கோழி முட்டைக்குள் கரு வளரும்போது தோன்றும் கருப்படைகளை 1817இல் விவரித்தவர் அவர்தான். பிற்காலத்தில் பால்டிக் கரையோரப் பாறைகளில் இந்த நுண்ணிய பற்களைக் கண்டு, 1856இல் வெளியிட்ட நூலில் அவை அழிந்துபோன மீன்களின் பற்கள் என்று எழுதினார். அந்தப் பதில் எவ்வளவு கிட்ட வந்தது என்பது தெரிய 120 ஆண்டுகளுக்கு மேல் ஆனது.

பாண்டர் மீன் என்று சொல்லிவிட்டாரே, பிறகு என்ன குழப்பம்?

பல் இருந்ததே தவிர, மீன் இல்லை. அதுதான் குழப்பம்.

ஒரு பானை சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்போம். பழைய விலங்குகளை ஆராய்கிறவர்களும் பல இடங்களில் அப்படித்தான் வேலை செய்கிறார்கள். ஒரு கடைவாய்ப்பல்லை வைத்து அது எந்தப் பாலூட்டி என்று சொல்லிவிடுவார்கள். அது சரிவருவதற்குக் காரணம், அந்தப் பல்லுக்கு உரிய பானை எப்படியிருக்கும் என்பது முன்பே தெரிந்திருப்பதுதான். கோனோடொண்ட் விஷயத்தில் பானையை ஒருவரும் பார்த்ததில்லை. உலகமெங்கும் பாறையிலிருந்து ஆயிரக்கணக்கில் பற்கள் வந்துகொண்டே இருந்தன. பக்கத்தில் ஒரு செதில் இல்லை, ஒரு முள் இல்லை.

அதனால் ஆளாளுக்கு ஒரு வீடு கொடுத்தார்கள். வளையப்புழுவின் தாடை என்றார்கள். நத்தையின் நாக்கில் இருக்கும் அரம் என்றார்கள். கணுக்காலியின் உறுப்பு, அம்புப்புழுவின் கொக்கி, ஏன், தாவரத்தின் பகுதி என்றுகூட எழுதியவர்கள் உண்டு. இந்த ஊகங்களை ஏளனமாகப் பார்க்கக் கூடாது என்று பிள்ளைகளிடம் அழுத்திச் சொன்னேன். வடிவத்தை மட்டும் பார்த்தால் ஒவ்வொன்றுக்கும் ஒரு நியாயம் இருக்கிறது. ஒரே வேலையைச் செய்யும் உறுப்புகள், உறவே இல்லாத விலங்குகளிலும் ஒரே வடிவத்துக்கு வந்து சேரும். கடித்துப் பிடிக்க வேண்டுமென்றால் கொக்கி வேண்டும். அது புழுவுக்கும் பொருந்தும், மீனுக்கும் பொருந்தும்.

புழுத்தாடை என்ற கருத்துக்கு ஒரு பலவீனம் இருந்தது. புழுக்களின் தாடைகள் பெரும்பாலும் கரிமப் பொருளால் ஆனவை. கோனோடொண்ட் பற்களோ கல்சியம் பொசுபேற்று. எங்கள் பல்லும் எலும்பும் அதே வகைக் கனியத்தால் ஆனவைதான். ஆனால் அதை மட்டும் வைத்து முள்ளந்தண்டுளி என்று சொல்லவும் முடியாது, ஏனெனில் சில முதுகெலும்பற்ற விலங்குகளின் ஓடும் பொசுபேற்றால் ஆனதே.

ஒரே விலங்குக்குப் பல இனப்பெயர்கள் வந்தது எப்படி?

எங்கள் ஊர் வீடொன்று மண்ணுக்குள் புதைந்து, ஆயிரம் ஆண்டுக்குப் பிறகு தோண்டுகிறவருக்கு ஓரிடத்தில் அம்மி, இன்னோரிடத்தில் திருவலை, வேறோரிடத்தில் அகப்பை கிடைக்கிறது என்று வையுங்கள். அடுக்களை என்ற ஒன்றையே அவர் கண்டதில்லை. மூன்றும் மூன்று வேறு வீட்டுச் சாமான்கள் என்று பட்டியல் போடுவார். இங்கே நடந்தது அதுதான். கொக்கிப் பல்லுக்கு ஒரு சாதிப்பெயர், சீப்புப் பல்லுக்கு இன்னொன்று, தட்டைப் பல்லுக்கு வேறொன்று.

1934இல் ஜேர்மனியில் ஹெர்மன் ஷ்மிட், அமெரிக்காவில் ஹரோல்ட் ஸ்கொட் என்ற இருவர், ஒருவரையொருவர் கலக்காமல், பாறைத் தகட்டில் பல வகைப் பற்கள் ஒழுங்காக அடுக்கியபடி ஒன்றாகக் கிடப்பதைக் காட்டினார்கள். அப்படியென்றால் அவை எல்லாம் ஒரே வாய்க்குள் இருந்தவை. பின்னர் நன்றாக ஆராயப்பட்ட ஒரு பெரிய பிரிவில் ஒரு வாய்க்கு 15 பற்கள்: முன்னால் பிடிப்பதற்கான சீப்புகளும் கொக்கிகளும், பின்னால் அரிவதற்கும் அரைப்பதற்கும் இரண்டு சோடி.

ஆனாலும் பழைய பெயர்கள் உடனே ஒழியவில்லை. தனித்தனிப் பல்லுக்குப் பெயர் வைக்கும் வழக்கம் வேலைக்கு வசதியாக இருந்தது. முழுப் பற்கூட்டத்தையும் ஒரே இனமாகப் பெயரிடும் முறை 1960களுக்குப் பிறகே ஊன்றியது. இன்றைக்கும் பழைய அட்டவணைகளைப் படிப்பவர்கள், இந்தப் பெயர் விலங்கையா பல்லையா குறிக்கிறது என்று பார்த்துத்தான் படிக்க வேண்டும்.

முழு விலங்கு கிடைத்துவிட்டது என்று முன்பும் சொன்னார்களாமே?

இரண்டு முறை சொன்னார்கள். இரண்டும் தவறிப்போயின.

முதலாவது, 1969இல் அமெரிக்காவின் மொன்டானா மாநிலத்தில் பேயர் கல்ச் சுண்ணாம்புக்கல்லில் கிடைத்த ஒரு மெல்லுடல் விலங்கு. அதன் உடலுக்குள்ளே கோனோடொண்ட் பற்கள் இருந்தன. 1973இல் வில்லியம் மெல்டனும், 1934இல் பற்கூட்டத்தைக் காட்டிய அதே ஹரோல்ட் ஸ்கொட்டும் சேர்ந்து அதை வெளியிட்டார்கள். தன் வாழ்நாளில் நாற்பது ஆண்டுகள் தேடிய விலங்கு கையில் வந்துவிட்டது என்று அவர் நம்பியிருப்பார். எனக்கு அந்த மனிதரை நினைத்தால் இன்னும் மனம் கனக்கும். ஏனென்றால் வடிவாகப் பார்த்தபோது பற்கள் இருந்த இடம் வாய் இல்லை, குடல். அது கோனோடொண்டைத் தின்ற விலங்கு. டைபுளோயீசஸ் என்று அதற்குப் பெயர். அது எந்தக் கணம், அதாவது விலங்குகளின் எந்தப் பெரும்பிரிவு, என்பதே பிறகு ஐம்பது ஆண்டு புதிராக இருந்தது. 2022இல்தான் அதன் உணவுப்பாதையில் பல்வரிசை போன்ற ஓர் உறுப்பைக் கண்டு, மெல்லுடலியாக இருக்கலாம் என்ற கருத்து வந்தது.

இரண்டாவது, கனடாவின் பேர்ஜஸ் ஷேல் பாறையில் கிடைத்த ஒடொன்டோகிரிபஸ். 1976இல் அதன் வாயைச் சுற்றியிருந்த பல் போன்ற அச்சுகளைப் பார்த்து, கோனோடொண்ட் விலங்கின் உறவாக இருக்கலாம் என்றார்கள். 2006இல் அதிகமான மாதிரிகளை ஆராய்ந்தவர்கள் அதை மெல்லுடலிகளின் பக்கம் கொண்டுபோனார்கள்.

அப்படியானால் உண்மையான விலங்கு எங்கே கிடைத்தது?

ஸ்கொட்லாந்தின் எடின்பரோவில், ஓர் அலுமாரி இழுப்பறைக்குள்.

எடின்பரோவின் வடக்குக் கரையில் கிராண்டன் என்ற இடம் இருக்கிறது. அங்கே சுமார் 33 கோடி ஆண்டு பழைய காபனிபெரஸ் காலப் பாறையில் ஓர் அடுக்கில் இறால் போன்ற விலங்குகளின் உயிர்ச்சுவடுகள் நிறைய உண்டு. அதனால் அதை இறால் அடுக்கு என்றே அழைக்கிறார்கள். பல பத்தாண்டுகளுக்கு முன் அங்கே சேகரித்த கற்கள் எடின்பரோவிலிருந்த புவியியல் ஆய்வு நிறுவனத்தின் சேமிப்பில் கிடந்தன. 1982இல் யூவன் கிளார்க்சன் என்ற ஆய்வாளர் இறால்களைத் தேடி அந்த இழுப்பறைகளைத் திறந்து பார்த்தார். ஒரு கல்லில் புழு மாதிரி ஒரு கோடு. நீளம் 40.5 மில்லிமீற்றர், அகலம் 2 மில்லிமீற்றர்கூட இல்லை. உங்கள் சின்னவிரலைவிடச் சின்னது. ஒரு முனையில் மெல்லிய கதிர்கள் தாங்கிய செட்டை. மறுமுனையை நுணுக்குக்காட்டியில் பார்த்தால், சரியாகத் தலை இருக்க வேண்டிய இடத்தில், கோனோடொண்ட் பற்கள்.

மொன்டானாவில் ஏமாந்த அனுபவம் எல்லோருக்கும் நினைவில் இருந்தது. அதனால் கேட்ட முதல் கேள்வி, இதுவும் தின்றதுதானா என்பதே. இங்கே பற்கள் குடலில் சிதறிக் கிடக்கவில்லை. தலை முனையில், 1934இலிருந்து தெரிந்த அதே ஒழுங்கில், முன்னே சீப்பும் பின்னே அரிபற்களுமாக இருந்தன. டெரெக் பிரிக்ஸ், கிளார்க்சன், ரிச்சர்ட் ஆல்ட்ரிஜ் மூவரும் 1983இல் அதை வெளியிட்டார்கள். பிறகு அதே அடுக்கில் மேலும் சில உடல்கள் கிடைத்தன. அவற்றிலும் பற்கள் அதே இடத்தில்தான். ஒன்று தற்செயலாக இருக்கலாம். திரும்பத் திரும்ப வந்தால் அது உடலமைப்பு.

இந்தக் கதையில் என் பிள்ளைகளை ஆகக் கூடுதலாகத் தொட்டது இழுப்பறைதான். கல் அங்கேயே இருந்திருக்கிறது. உலகம் முழுக்க ஆய்வாளர்கள் தேடிக்கொண்டிருந்த அத்தனை ஆண்டும் அது அங்கே இருந்திருக்கிறது.

அந்தக் கோட்டைப் பார்த்து முதுகுநாணி என்று எப்படிச் சொன்னார்கள்?

இதற்கு அடுத்த சனிக்கிழமை அவித்த பாரை மீன் துண்டொன்றைத் தட்டில் வைத்துக் காட்டினேன். தோலை உரித்துவிட்டு விரலால் மெதுவாகத் தள்ளினால் சதை ஏடு ஏடாகக் கழன்று வரும். ஒவ்வோர் ஏடும் ஒரு தசைத்துண்டம். பக்கவாட்டில் பார்த்தால் ஏடுகளின் விளிம்பு நேர்கோடாக இல்லை; வளைந்து மடிந்து போகும். இந்தத் துண்டங்கள் ஒன்றன்பின் ஒன்றாகச் சுருங்குவதால்தான் மீன் உடலை அலைபோல வளைத்து நீந்துகிறது. தினமும் சோற்றோடு பிசைந்து சாப்பிடுகிறோம், கவனிப்பதில்லை.

கிராண்டன் விலங்கின் உடலில் அம்புமுனைகளை வரிசையாக அடுக்கியது போல இந்தத் தசைத்துண்டங்களின் அச்சு இருந்தது. மீனில் இருப்பதைவிட எளிய மடிப்பு. உடல் நீளத்துக்கு இரண்டு இணைகோடுகள் ஓடின. அவை முதுகுநாணின், அதாவது முதுகுநாணிகளின் உடலை நீளவாக்கில் தாங்கும் வளையக்கூடிய கோலின், இரண்டு ஓரங்கள் என்று பின்னர் விளங்கியது. வாலில் கதிர்ச் செட்டை. தலையில் இரண்டு கருமையான பதிவுகள்; அவை கண்கள்.

இவற்றை ஒவ்வொன்றாக எடுத்து நிறுத்துங்கள். தசைத்துண்டமும் முதுகுநாணும் இருப்பதால் புழு, நத்தை, கணுக்காலி எல்லாம் விலகிவிடும். அம்பியொக்சஸ் என்ற எளிய முதுகுநாணிக்கும் இந்த இரண்டும் உண்டு, ஆனால் சோடிக் கண்ணும் கதிர்ச் செட்டையும் அதற்கு இல்லை. ஆகவே கோனோடொண்ட் அம்பியொக்சஸையும் தாண்டி, முள்ளந்தண்டுளிகளின் பக்கமாக நிற்கிறது. அதைப் புழுவிலிருந்து பிரித்து எடுத்தது பல் அல்ல, சதை. மெல்லிய சதை கல்லில் பதிவது எவ்வளவு அரிது என்பதை யோசித்தால், ஏன் இவ்வளவு காலம் எடுத்தது என்பதும் விளங்கும்.

தாவரம் என்று நினைத்ததும் உண்டா?

உண்டு, அதுவும் வெகு அண்மையில். தென்னாபிரிக்காவின் சூம் ஷேல் பாறையில், சுமார் 44.5 கோடி ஆண்டு பழைய ஓர்டோவிசியன் படிவில் கிடைத்த அச்சுகளை 1986இல் ஆரம்பகாலத் தரைத்தாவரம் என்று விவரித்து, புரொமிசம் என்று பெயர் வைத்தார்கள். பிறகுதான் அவை மிகப் பெரிய கோனோடொண்டின் பற்கள் என்று தெரியவந்தது. பெயரிடல் விதிப்படி முதலில் வைத்த பெயரே நிலைத்தது. 1995இல் அதே பாறையில் தசை நார்களும் கண்களும் பதிந்த உடலையும் வெளியிட்டார்கள். அந்த விலங்கு சுமார் 40 சென்ரிமீற்றர் நீளம் இருந்திருக்கும் என்று கணக்கிடுகிறார்கள். கிராண்டன் விலங்கைப்போல பத்து மடங்கு.

சரி, கோனோடொண்ட் முள்ளந்தண்டுளியா, இல்லையா?

இந்தக் கேள்விக்கு என் பதில்: ஆம் என்று சொல்பவர்களின் பக்கம் கை கூடுதலாக இருக்கிறது, ஆனால் அவர்கள் 1990களில் சொன்ன காரணத்துக்காக அல்ல.

1992இல் ஓர் ஆய்வுக்குழு கோனோடொண்ட் பற்களை மெல்லிய சீவல்களாக்கிப் பார்த்து, அதில் பல் மிளிரியும் (பல்லின் வெளிப்புறக் கடினப் படை) எலும்புக் கலங்களின் அடையாளமும் இருப்பதாக அறிவித்தது. அது உண்மையானால் எங்கள் எலும்பும் பல்லும் தொடங்கிய இடம் கோனோடொண்டின் வாயாக இருக்கும். வெளியில் கவசம் போர்த்திய பழைய மீன்களில்தான் கடின உறுப்பு தொடங்கியது என்ற கருத்து தலைகீழாகிவிடும். பெரிய பரபரப்பு. ஆனால் மற்றவர்கள் அதே பற்களைப் பார்த்து, இந்த இழையங்கள் எங்கள் பல்லின் இழையங்கள் இல்லை என்று மறுத்துக்கொண்டே இருந்தார்கள்.

2013இல் வலுவான எக்ஸ் கதிர் முறையால் பல்லை உடைக்காமல் உள்ளே பார்த்தார்கள். உண்மைக் கோனோடொண்டுகளுக்கு முன்னோடிகளாகக் கருதப்படும், கேம்பிரியன் காலத்துப் பழைய கோனோடொண்டுகளையும் சேர்த்து ஒப்பிட்டார்கள். பழையவற்றில் மிளிரி போன்ற தொப்பி இல்லை. படிப்படியாகப் பின்னால் வந்தவற்றில்தான் அது தோன்றுகிறது. அப்படியென்றால் அந்த மிளிரிபோன்ற பொருள் கோனோடொண்டுகளின் வம்சத்துக்குள்ளேயே தனியாக உருவானது, எங்களுடையதோடு தொடர்பில்லை. எங்கள் பல்லின் மூதாதை கோனோடொண்டின் பல் அல்ல.

பல்லை எடுத்துவிட்டால் முள்ளந்தண்டுளி என்ற வாதம் விழுந்துவிடுமா? சிலர் விழுந்துவிடும் என்கிறார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. கண், வால் செட்டை, தசை எல்லாம் அப்படியே நிற்கின்றன. இன்று உயிரோடிருக்கும் தாடையற்றவை இரண்டே கூட்டம்: லாம்ப்ரேயும் ஹாக் மீனும். வட்டவாயிகள் என்று சேர்த்துச் சொல்கிறோம். அவற்றுக்கும் எலும்பு இல்லை, பல்லும் எங்களுடையதைப் போன்ற பல் அல்ல, நகத்தைப்போன்ற கெரற்றின். முள்ளந்தண்டு முழுதாக இல்லாத இவற்றை நாங்கள் முள்ளந்தண்டுளிகளோடு சேர்த்துப் படிக்கத்தானே செய்கிறோம். அண்மைய பல ஆய்வுகள் கோனோடொண்டையும் இந்த வட்டவாயிகளின் பக்கத்தில்தான் வைக்கின்றன. எனக்கும் அந்த இடம் பொருந்திவருவதாகவே படுகிறது.

தாடையே இல்லாமல் எப்படிக் கடித்தது?

இடமும் வலமுமாக. நாம் மேலும் கீழுமாகக் கடிக்கிறோம். அவற்றின் பின்பற்கள் பக்கவாட்டில் வந்து சந்தித்தன. லாம்ப்ரேயின் நாக்குக்குள் ஒரு கசியிழைத் துண்டு முன்னும் பின்னும் அசைந்து, கிணற்றுக் கப்பியில் கயிறு போவதுபோலப் பற்களை வெளியே விரித்து உள்ளே மடக்கும். கோனோடொண்டும் அப்படிச் செய்திருக்கலாம் என்று 2011இல் பற்கூட்டமொன்றை முப்பரிமாணத்தில் மீட்டுக் காட்டினார்கள்.

அது பல்லா, நீரை வடிக்கும் சல்லடையா என்றும் ஒரு வழக்கு இருந்தது. மார்க் பர்னல் 1995இல் பற்களின் மேற்பரப்பில் தேய்மானக் கீறல்களைக் காட்டினார். சல்லடையில் அந்த மாதிரிக் கீறல் விழாது. எதையோ அரிந்திருக்க வேண்டும். 2012இல் சில பற்களின் கூரை அளந்தார்கள்: 2 மைக்ரோமீற்றர். தலைமயிரின் தடிப்பில் முப்பது நாற்பதில் ஒரு பங்கு. தாடைத் தசையின் பலம் இல்லாத விலங்கு கூர்மையால் ஈடுசெய்திருக்கிறது.

அப்புறம் இன்னொரு வேறுபாடு. எங்கள் பல் முளைத்த பிறகு மிளிரி உடைந்தால் உடைந்ததுதான். கோனோடொண்டின் பல்லிலோ புதுப் படைகள் வெளிப்பக்கமாகச் சேர்ந்துகொண்டே போயின. உடைந்த கூர் மேல் புதிதாகப் பூசி வளர்ந்த பற்களைக் குறுக்கே வெட்டிப் பார்க்கலாம். அப்படி வளர வேண்டுமென்றால் பல்லைச் சுற்றி உயிருள்ள இழையம் மூடியிருக்க வேண்டும். கொஞ்சக்காலம் கடிப்பது, கொஞ்சக்காலம் மூடி வளர்ப்பது என்று மாறி மாறி நடந்திருக்கும் என்கிறார்கள்.

இவ்வளவு சின்னப் பல்லால் எங்களுக்கு என்ன பயன்? (இதைக் கேட்டது ஓர் அப்பா.)

நியாயமான கேள்வி. விலங்கு என்னவென்று தெரியாத காலத்திலேயே அதன் பல்லை வைத்துப் பெரிய வேலை நடந்துகொண்டிருந்தது.

ஒன்று, காலம் சொல்வது. கோனோடொண்டுகள் விரைவாக மாறின, கடலெங்கும் பரவின, பற்கள் அழியாமல் தங்கின. ஆகவே ஒரு பாறையில் எந்த இனத்தின் பல் இருக்கிறது என்று பார்த்தால் வயது பிடிபடும். பூமியின் ஆகப் பெரிய பேரழிவு நடந்தது பேர்மியன் கால முடிவில், சுமார் 25.2 கோடி ஆண்டுகளுக்கு முன். அடுத்த காலமான ட்ரயாசிக் எங்கே தொடங்குகிறது என்பதற்கு உலகம் ஏற்றுக்கொண்ட எல்லைக்கோடு சீனாவின் மெய்ஷானில் இருக்கிறது. ஹிண்டியோடஸ் பார்வஸ் என்ற கோனோடொண்ட் முதன்முதலாகத் தோன்றும் படைதான் அந்தக் கோடு. 2001இல் அதை உறுதிசெய்தார்கள்.

இரண்டாவது, எரிநெய். அமெரிக்கப் புவியியல் ஆய்வு நிறுவனத்தைச் சேர்ந்த அனிட்டா ஹாரிஸ், வெவ்வேறு இடத்துப் பற்கள் வெவ்வேறு நிறத்தில் இருப்பதைக் கவனித்தார். வெளிர் மஞ்சள், தேன், கபிலம், கறுப்பு. பல்லைச் சூடாக்கிச் சூடாக்கிப் பார்த்து, பாறை நிலத்தடியில் எவ்வளவு வெந்தது என்பதற்கு இந்த நிறமே கணக்கு என்று காட்டினார். 80 பாகைக்குக் கீழே இருந்தால் வெளிர் மஞ்சள். 300 பாகையைத் தாண்டினால் கறுப்பு. 1977இல் அவரும் கூட்டாளிகளும் வெளியிட்ட அந்த நிற அளவுகோலை எரிநெய் தேடுகிறவர்கள் உடனே எடுத்துக்கொண்டார்கள். பல் கறுத்த இடத்தில் எரிநெய் இருந்திருந்தாலும் வெந்து போயிருக்கும். அங்கே துளைக்க வேண்டாம். கோடிக்கணக்கில் பணம் போகும் முடிவை ஒரு சீனி மணி அளவுப் பல்லின் நிறம் தீர்மானிக்கிறது.

மூன்றாவது, பழைய கடலின் வெப்பநிலை. பல்லுக்குள் இருக்கும் ஒட்சிசனின் பாரமான, இலேசான வகைகளின் விகிதம் நீரின் வெப்பத்தைப் பொறுத்தது. அதை அளந்துதான், பேரழிவுக்குப் பிந்திய ஆரம்ப ட்ரயாசிக்கில் வெப்பவலயக் கடல்மேற்பரப்பு ஏறத்தாழ 40 பாகை வரை போயிருக்கலாம் என்று 2012இல் சொன்னார்கள். காலிமுகத்திடலில் நாங்கள் கால் நனைக்கும் கடல் 28, 29 பாகைதான். அந்தப் பத்துப் பாகை வித்தியாசத்தை யோசித்துப் பாருங்கள்.

இலங்கையில் கோனோடொண்ட் தேடலாமா?

கிடைக்காது. இத்தீவின் பத்தில் ஒன்பது பங்கு மிகப் பழைய உருமாறிய பாறை. ஆனந்த குமாரசுவாமியைக் கலை அறிஞராகத்தான் அநேகர் அறிவார்கள். கொழும்பில் பிறந்த அவர் இலங்கைக் கனிய ஆய்வின் முதல் இயக்குநராக இந்தப் பாறைகளில் நடந்து, தோரியனைற்று என்ற கனியத்தைக் கண்டவர் என்பதை எங்கள் பிள்ளைகள் தெரிந்திருக்க வேண்டும். அந்தப் பாறைகள் நிலத்தடி ஆழத்தில் வெந்து முடிந்தது சுமார் 55 கோடி ஆண்டுகளுக்கு முன். கோனோடொண்ட் தோன்றுவதற்கு முன்பே. தப்போவ, ஆண்டிகம படிவுகள் ஜுராசிக் காலத்தவை, யாழ்ப்பாணத்துச் சுண்ணாம்புக்கல் மயோசீன் காலத்தது. இரண்டும் கோனோடொண்ட் அழிந்த பிறகு வந்தவை. முன்னும் பின்னும் இருக்கிறது, நடுவில் உள்ள பக்கங்கள்தான் இல்லை.

கிட்டத்தில் என்றால் இமயமலைக்குப் போக வேண்டும். காஷ்மீரின் குர்யுல் பள்ளத்தாக்கிலும் ஸ்பிட்டியின் மூத் கிராமத்தருகேயும் இருக்கும் கடற்படிவுகளின் வயதைக் கோனோடொண்டை வைத்துத்தான் நுணுக்கமாகப் பிரிக்கிறார்கள்.

ஏன் அழிந்தன?

பேர்மியன் பேரழிவில் கடல் இனங்களில் பெரும்பகுதி ஒழிந்தபோதும் இவை தப்பின. ட்ரயாசிக்கின் பிற்பகுதியில் வகைகள் குறைந்துகொண்டே வந்து, 20.1 கோடி ஆண்டுகளுக்கு முன் நடந்த அடுத்த பேரழிவோடு முடிந்துபோயின. அந்தப் பேரழிவின் காலமும் அத்திலாந்திக் சமுத்திரம் பிளக்கத் தொடங்கியபோது பொங்கிய பெரும் எரிமலைக் குழம்பின் காலமும் ஒத்துவருகின்றன.

இதைப் போலப் புதிரானவை வேறு உண்டா?

உண்டு. அமெரிக்காவின் இலினோய் மாநிலத்து டல்லி விலங்கை 2016இல் முள்ளந்தண்டுளி என்றார்கள், 2023இல் இல்லை என்றார்கள். ஐஸ்கிறீம் கோன் மாதிரி ஓடு கொண்ட ஹயோலித் என்ற கூட்டம் நெடுங்காலம் மெல்லுடலிகளுக்குப் பக்கத்தில் கிடந்தது. 2017இல் அவற்றின் வாயைச் சுற்றி உணர்கொம்பு வளையத்தைக் கண்டு, விளக்குச்சிப்பிகளின் உறவு என்று முன்வைத்தார்கள். அந்தக் கட்டுரையின் முதல் ஆசிரியர் ஜோசப் மொய்சியுக் அப்போது டொரொன்டோ பல்கலைக்கழகத்தில் இளநிலை மாணவர். உங்களைவிட இரண்டு மூன்று வயதுதான் மூப்பு என்று பிள்ளைகளிடம் சொன்னேன்.

பரீட்சையில் வந்தால் எந்தக் கணம் என்று எழுதுவது?

கோடேற்றா, அதாவது முதுகுநாணிகள். அதில் பிணக்கு அநேகமாக இல்லை. அதற்குக் கீழே வகுப்பு, வருணம் என்று இறங்கும்போதுதான் ஆய்வாளர்கள் பிரிகிறார்கள். எந்த உறுப்பைப் பார்த்து அந்த முடிவுக்கு வந்தீர்கள் என்ற ஒரு வரியையும் சேர்த்து எழுதுங்கள். அந்த வரியைத்தான் நான் முதலில் திருத்துவேன்.

கல்லிலிருந்து பல்லை எப்படிப் பிரிக்கிறார்கள்? வீட்டில் செய்து பார்க்கலாமா?

சுண்ணாம்புக்கல்லை உடைத்து, நீர்த்த அசற்றிக் அமிலத்தில் நாட்கணக்கில் ஊறவைப்பார்கள். கல் கரையும், பொசுபேற்றுப் பல் தங்கிவிடும். மிச்சத்தை நுண்ணிய அரிதட்டில் அலசி, காயவைத்து, நுணுக்குக்காட்டியின் கீழே ஈரத் தூரிகை நுனியால் ஒவ்வொன்றாக எடுக்க வேண்டும். கிலோக் கணக்கில் கல் கரைத்தும் ஒரு பல் வராத நாட்கள் உண்டு.

கோனோடொண்ட் எங்களிடம் இல்லை, ஆனால் வேதியியலைப் பார்க்கலாம். இரண்டு கண்ணாடிக் கோப்பையில் வினாகிரி ஊற்றுங்கள். ஒன்றில் கடற்கரையில் பொறுக்கிய மட்டி ஓடு, மற்றதில் மீன் தலையிலிருந்து எடுத்துக் கழுவிய பல். ஓட்டில் உடனே குமிழ் எழும்பும். மறுநாளைக்குள் மெலிந்து பொரபொரத்துவிடும். பல்லில் அந்த மாதிரிக் குமிழ் எழும்பாது. வாரக்கணக்கில் விட்டால் அதுவும் மெதுவாகத் தேயும் என்பதால் இரண்டாம் நாளே எடுத்துக் கழுவிவிடுங்கள். கழுவிய பல்லைக் கறுப்புக் கடதாசியில் வைத்து, கைபேசி விளக்கைப் பக்கத்தில் சரித்துப் பிடித்துப் பாருங்கள்.